ஒரு லட்சம் பிறந்த கதை

திருப்பூர் வேலம்பாளையத்தில் ஜாப் ஒர்க் எடுத்துத் தைக்கிறவர்கள், பிடிக்காத ஆர்டரை 'முடியாது' என்று முகத்துக்கு நேரே சொல்லமாட்டார்கள். நாளைக்கு அதே ஆளிடம் வேலை கேட்டு நிற்கவேண்டி வரும். பீஸுக்கு இரண்டு மூன்று ரூபாய் கூட்டிச் சொன்னால் வந்தவர் டீயைக் குடித்துவிட்டுத் தானாக எழுந்துவிடுவார். எப்போதாவது ஒருவர் "சரிங்க, அதையே போட்டுக்கலாம்" என்பார். அப்புறம் தைத்துத்தான் ஆகவேண்டும்.

தமிழ்ப் படத்துக்கு முதன்முதலாக ஒரு லட்சம் ரூபாய்ச் சம்பளம் வந்ததும் இந்த வழியில்தான். கேட்டவரும் நம் பக்கத்துக்காரர், காங்கயம் தாண்டிப் போனால் வரும் காவிரிக்கரைக் கொடுமுடியில் 1908-ல் பிறந்த கே.பி. சுந்தராம்பாள்.

தகப்பனில்லாத வீடு. ரயிலில் பாடிக் காசு வாங்கிய பிள்ளை. வேலு நாயர் நாடகக் கம்பெனியில் சேர்ந்து 'நல்லதங்கா'ளில் பசியால் அழும் குழந்தையாகப் பாடியதுதான் முதல் வேஷம். அந்தப் பாட்டுக்கு அவருக்கு ஒத்திகையே தேவைப்பட்டிருக்காது என்று தோன்றுகிறது. அன்றைய நாடகத்தில் மைக் இல்லை, பின்னணிப் பாடகர் இல்லை. ஆர்மோனியத்தையும் கூட்டத்தின் இரைச்சலையும் தாண்டிக் கடைசி வரிசைவரை குரல் போகவேண்டும், அதுவும் விடியவிடிய. இத்தாலிய ஓபராவும் இப்படித்தான் தொண்டையை நம்பி நடந்தது.

1926-ல் கொழும்பு மேடையில் செங்கோட்டை எஸ்.ஜி. கிட்டப்பாவோடு சேர்ந்தார். உச்ச ஸ்தாயியில் கிட்டப்பாவை எட்டிப் பிடிக்க ஆளில்லை என்றிருந்த காலம் அது. சுந்தராம்பாள் எட்டினார். மறுவருஷம் கல்யாணம். அது சண்டையும் பிரிவுமான வாழ்க்கை. கிட்டப்பாவுக்கு முன்பே மனைவி இருந்தார். 1933 டிசம்பரில் கிட்டப்பா இறந்தபோது சுந்தராம்பாளுக்கு 25 வயது. வெள்ளைக் கதருக்கு மாறினார். இனி எந்த ஆணோடும் ஜோடியாக நடிப்பதில்லை என்று சபதம் எடுத்துக்கொண்டு கொடுமுடியில் ஒதுங்கினார்.

அசன்தாஸ் கிளாசிகல் டாக்கீஸார் 'நந்தனார்' எடுக்க முனைந்து, அவரைத்தான் கேட்டார்கள். மறுத்துப் பார்த்தார், விடவில்லை. ஒரு லட்சம் கொடுத்தால் பார்க்கலாம் என்றார். 10 கிராம் தங்கம் முப்பது ரூபாய் சுமாருக்கு விற்ற காலம். அந்தப் பணத்துக்கு முப்பது கிலோவுக்கு மேல் தங்கம் வாங்கலாம். கேட்டவுடன் ஓடிவிடுவார்கள் என்றுதான் அப்படிச் சொன்னார் என்பார்கள். ஒப்புக்கொண்டுவிட்டார்கள்!

பாட்டுக்காரி விலை சொல்வது உலகத்துக்குப் புதிதல்ல. 1843-ல் பிறந்த இத்தாலியப் பாடகி அடெலினா பாட்டி, அமெரிக்காவில் ஒரு இரவுக்கு 5,000 டாலர் வாங்கினார், அதையும் திரை உயருமுன் எண்ணிவைக்கவேண்டும். ஒருமுறை பணம் குறைந்ததாம். வேஷம் முழுதும் கட்டிக்கொண்டு, செருப்பு மட்டும் போடாமல் உட்கார்ந்திருந்தார். இன்னும் கொஞ்சம் வந்ததும் ஒரு செருப்பைப் போட்டார், மீதியும் வந்தபிறகுதான் மற்றது. அவரை மேடையேற்றிய மேப்பிள்சன் தம் நினைவுக்குறிப்பில் எழுதிய கதை. அடெலினா விலை சொன்னது பணம் வேண்டி. நம் சுந்தராம்பாள் சொன்னது ஆளை அனுப்பிவைக்க. பின்னதற்குக் கூடுதல் தைரியம் வேண்டும் என்பது என் கட்சி.

சபதமும் உடையவில்லை. நந்தனார் ஆண் வேஷம், ஜோடியே கிடையாது. வேதியராக வந்தவர் சங்கீத வித்வான் மகாராஜபுரம் விஸ்வநாத ஐயர். மாணிக்லால் டாண்டன் இயக்கிய படம் 1935-ல் வெளிவந்தது. அடுத்து 1940-ல் துறவு பூண்ட மணிமேகலை, 1953-ல் ஜெமினி வாசனின் 'ஔவையார்', 1964-ல் 'பூம்புகா'ரில் சமணத் துறவி கவுந்தியடிகள். சம்பளம் படத்துக்குப் படம் மாறியிருக்கும். வேஷம் மட்டும் எல்லாம் தனி ஆளாக நிற்கிற வேஷம்தான்.