சார்த்தும் சாத்தும்

மத்திய ஆசியாவுக்குப் போய்வந்த ஒருவர் எழுதிய பயணக் கட்டுரையைப் போன மாதம் படித்தேன். சமர்கந்தின் நீல மாடங்கள், தாஷ்கந்தின் ரொட்டி, வாய்க்கால் ஓரத்துத் தேநீர்க் கடை என்று நன்றாகவே எழுதியிருந்தார். நடுவில் ஒரு பத்தி என்னைத் தடுத்து நிறுத்தியது. ருஷ்ய ஆட்சிக் காலத்தில் அப்பகுதி நகர மக்களைச் ‘சார்த்’ என்று அழைத்தார்கள், அது ‘சாரி இத்’ என்னும் துருக்கியத் தொடரின் சிதைவு, பொருள் மஞ்சள் நாய் என்று எழுதி, அதற்கு மேல் ஆராயாமல் நகர்ந்துவிட்டார். அவருக்கு வழிகாட்டி சொன்னாராம். நூற்றுமுப்பது ஆண்டாக இந்தப் பிழை ஒருவர் வாயிலிருந்து இன்னொருவர் காதுக்கு இப்படித்தான் போய்க்கொண்டிருக்கிறது. சிலப்பதிகாரம் படித்த தமிழர் ஒருவர் அதை அப்படியே வாங்கி வந்து அச்சேற்றியதுதான் எனக்குப் பொறுக்கவில்லை. அந்தச் சொல்லின் உடன்பிறப்பு கோவலன் தந்தையின் பெயரில் இருக்கிறது.

முதலில் நாயைத் தீர்த்துவிடுவோம். 11ஆம் நூற்றாண்டில் மகமூது அல்-காஷ்கரி துருக்கிய மொழிகளுக்கு ஓர் அகராதி செய்தார். அதில் சார்த் என்ற சொல் இருக்கிறது, பொருள் வணிகன். வழியில் கட்டுச்சோறு உண்ணும் சார்த்தைப் பற்றிய ஒரு பழமொழியையும் அவர் தருகிறார். ஏறக்குறைய அதே காலத்தில் பாலாசகுன் நகரத்து யூசுப் பாடிய ‘குதத்கு பிலிக்’ நூலிலும் அதே சொல் அதே பொருளில் வருகிறது. அந்தக் காலத் துருக்கியத்தில் மஞ்சளுக்குச் ‘சாரிக்’ என்று பெயர், ஈற்றில் ககர ஒலி உண்டு. உஸ்பெக் மொழியில் இன்றும் மஞ்சள் என்றால் ‘சாரிக்’தான். கசாக் போன்ற மொழிகளில் அந்த ஈறு தேய்ந்து ‘சாரி’ ஆயிற்று. ஆகவே ‘சாரி இத்’ என்று பிரித்துப் பார்க்கக் கசாக் போன்ற மொழிக் காது வேண்டும், அதுவும் பிற்காலத்துக் காது வேண்டும். காஷ்கரி காலத்தில் ‘சாரிக் இத்’ என்றிருந்திருக்க வேண்டிய தொடர் நடுவில் நிற்கும் வல்லொலியை விழுங்கிவிட்டுச் ‘சார்த்’ என்று சுருங்க வழியே இல்லை.

சரி, சார்த் எங்கிருந்து வந்தது? வடமொழியில் ‘ஸார்த்த’ என்றால் வழிப்போகும் வணிகர் கூட்டம். அதை நடத்திச் செல்பவன் ஸார்த்தவாகன். புத்த ஜாதகக் கதைகளில் ஐந்நூறு வண்டியோடு பாலைவனம் கடப்பவன் இவன்தான். பாலியில் அவன் பெயர் சத்தவாகன். பாகத மொழிகளில் ரகரம் அடுத்த வல்லெழுத்தோடு ஒன்றிப்போகும். தமிழிலும் அந்த ரகரம் போயிற்று, நெடில் மட்டும் நின்றது: சாத்து. பெரும்பாணாற்றுப்படையில் மிளகுப் பொதி சுமந்து சுங்கப் பெருவழியில் வரும் கழுதைச் சாத்தை நினைத்துப் பாருங்கள். சுமை அழுத்தி அழுத்தி முதுகில் ஆழ்ந்துபோன தழும்பையும் நிமிர்ந்த காதையும் புலவர் விடாமல் சொல்கிறார். அப்படிப்பட்ட சாத்தின் பெருந்தலைவன் மாசாத்துவான், கோவலனின் தந்தை. ‘சார்’ என்னும் வினையிலிருந்து, சேர்ந்து செல்வதால் சாத்து ஆயிற்று என்று சொல்வோர் உண்டு. அப்படியானால் மாசாத்துவானின் ‘வான்’ எங்கிருந்து வந்தது என்று அவர்கள் சொல்ல வேண்டும். வாகன் தேய்ந்து வான் ஆனான் என்பதே நேரான விடை. நம் சாத்திலிருந்துதான் சார்த் பிறந்தது என்று ஆசைப்படுவோருக்கும் ஒரு சொல்: துருக்கியச் சொல்லில் ரகரம் அழியாமல் நிற்கிறது, நம்மிடம் அது இல்லை. இழந்த பிள்ளையிடமிருந்து வைத்திருக்கும் பிள்ளை வாங்கியிருக்க முடியாது. இரண்டும் ஒரு தாய் வயிற்றுப் பிள்ளைகள்; ஒன்று தெற்கே வந்தது, ஒன்று வடக்கே போயிற்று.

வடக்கே போன வழி கல்லிலேயே பொறிக்கப்பட்டிருக்கிறது. 2003இல் சீனத்தின் சிஆன் நகருக்கு அருகே ஒரு கல்லறையைத் தோண்டி எடுத்தார்கள். வீடு போலச் செதுக்கிய கல் பேழை. வாசல் நிலைக்கு மேலே ஒரே கல்லில் இரண்டு எழுத்து, ஒரு பக்கம் மத்திய ஆசியாவின் பழைய சோக்திய மொழி, ஒரு பக்கம் சீனம். உள்ளே அடக்கமானவர் விர்காக் என்னும் சோக்தியர், மனைவியும் கூடவே. இருவரும் 579இல் ஒரு மாத இடைவெளியில் இறந்தார்கள், மறு ஆண்டு பிள்ளைகள் அடக்கம் செய்தார்கள். குடும்பத்தின் பூர்விகம் கேஷ், இன்றைய உஸ்பெகிஸ்தானின் ஷாரிசப்ஸ். விர்காக்கின் பதவிப் பெயரைச் சோக்தியம் ‘சார்தபாவ்’ என்கிறது, சீனம் ‘சாபாவ்’ என்று எழுதுகிறது. சார்த் என்றால் சாத்து, பாவ் என்றால் காப்பவன். சீன நகரங்களில் வாழ்ந்த சோக்திய வணிகக் குடிகளுக்குத் தலைவன் இந்தச் சாத்துக் காவலன். வணிக வழிகளின் ஒரு முனையில் மாசாத்துவான், மறுமுனையில் சார்தபாவ். இதைப் படித்தபோது எனக்கு ஏற்பட்ட மகிழ்ச்சியை வாசகரும் அடைவார்கள் என்று நம்புகிறேன்.

தொழிலின் பெயர் இனத்தின் பெயராவது உலகெங்கும் நடப்பது. மங்கோலியர் அறிந்த வணிகரில் பலர் மேற்கிலிருந்து வந்த முஸ்லிம்கள், ஆகவே முஸ்லிம் நாட்டாரையே ‘சார்தாவுல்’ என்றார்கள். 1218இல் அந்த நாட்டு ஓத்ரார் நகரில் செங்கிஸ்கானின் வணிகச் சாத்தைக் கொன்றுபோட்டார்கள். அதற்குப் பழிவாங்கக் கிளம்பிய படையெடுப்பை ‘மங்கோலியரின் இரகசிய வரலாறு’ என்னும் நூல் சார்தாவுல் மேல் சென்ற போர் என்றே சொல்கிறது. சாத்தைக் கொன்ற குற்றத்துக்காகச் சாத்தின் பெயர் கொண்ட நாடு அழிந்தது. பின்னர் கவிஞர் அலிஷேர் நவாயி பாரசீகம் பேசுவோரைச் சார்த் என்கிறார். பாபர் பிறந்த ஃபெர்கானாவில் ஆந்திஜான் நகரத்தார் துருக்கர், மார்கிலான் நகரத்தார் சார்த்துகள் என்று பாபர் நாமா பிரித்துக் காட்டுகிறது. எங்கும் வசவு இல்லை. ஊரில் வாழ்வோன், கடை வைத்திருப்போன், நம் துருக்கியம் பேசாதவன், அவ்வளவே. காலம் போகப்போக ஊர்க்காரரும் துருக்கியம் பேசத் தொடங்கினார்கள். பெயர் மட்டும் ஊரோடு தங்கிவிட்டது.

மேய்ச்சல் நிலத்தில் குடம் குடமாய்ப் பால் கறந்து வாழ்பவனுக்கும் சந்தையில் தராசு பிடிப்பவனுக்கும் இடையே ஏளனம் இருந்தே தீரும். கசாக் மேய்ப்பர் வாயில்தான் சார்த் மஞ்சள் நாயாயிற்று. அது வாய்மொழி வசையாகவே கிடந்து மறைந்திருக்கும். அதை ஏட்டில் ஏற்றி வாழவைத்தது ருஷ்யப் பேரரசு.

1865இல் தளபதி செர்னியாயெவ் தாஷ்கந்தைப் பிடித்தார். 1867இல் துர்கிஸ்தான் தனி ஆளுநர் மாநிலமாயிற்று, கவுஃப்மன் முதல் ஆளுநர். அடுத்த ஆண்டு சமர்கந்து விழுந்தது, 1873இல் கீவா பணிந்தது, 1876இல் கோக்கந்து அரசே மறைந்து ஃபெர்கானா மாவட்டமாயிற்று. தாஷ்கந்தில் ஆன்ஹோர் வாய்க்காலுக்கு ஒரு கரையில் பழைய நகரம், மறு கரையில் நேர்கோட்டுத் தெருக்களுடன் ருஷ்யர் நகரம். நகர மன்றம் வைத்தார்கள். வரி பெரும்பாலும் பழைய நகரத்தாருடையது, மன்ற இருக்கைகளில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் அவர்களுக்கு இல்லை. அந்தப் பழைய நகரத்து மனிதனை ஏட்டில் என்னவென்று எழுதுவது? அவனைக் கேட்டால் தாஷ்கந்துக்காரன் என்பான், அல்லது முஸ்லிம் என்பான். ஏட்டில் எழுத அது போதாது. சார்த் என்று எழுதினார்கள்.

அப்புறம் நூல்கள் வந்தன. நலீவ்கின் 1884இல் ருஷ்ய–சார்த் அகராதி ஒன்றைக் கசானில் வெளியிட்டார். துர்கிஸ்தானின் அரசுப் பத்திரிகையை நடத்திய ஆஸ்த்ரோவுமோவ் 1890இல் ‘சார்த்துகள்’ என்றே ஒரு நூல் எழுதினார். 1897 கணக்கெடுப்பில் இனத்தைக் கேட்கவில்லை, தாய்மொழியைக் கேட்டார்கள். பட்டியலில் சார்த் மொழிக்கு ஏறக்குறைய 9,69,000 பேர், உஸ்பெக் மொழிக்கு ஏறக்குறைய 7,27,000 பேர். ஒரே சந்தையில் பேரம் பேசித் தடையின்றிப் புரிந்துகொள்ளும் மக்கள் இரண்டு மொழிக்காரர் ஆனார்கள்.

1894இல் ஒரு கசாக்கியர் இதை எதிர்த்துப் பேசினார். சமர்கந்து ஆளுநரிடம் மொழிபெயர்ப்பாளராக இருந்த சேர் அலி லாப்பின். சார்த் என்று ஓர் இனமும் கிடையாது, ஒரு மொழியும் கிடையாது, அது மேய்ப்பர் வைத்த வசை, சாரி இத் என்பதன் சுருக்கம் என்று எழுதினார். பீட்டர்ஸ்பர்க்கிலிருந்து வந்திருந்த இருபத்தைந்து வயது பார்த்தோல்த் எதிர்நின்றார்: பழைய நூல்களில் சொல் இருக்கிறது, பொருள் வணிகன், மூலம் இந்தியா. சொல்லாராய்ச்சியில் பார்த்தோல்த் சொன்னதே சரி, அதில் இரண்டாம் பேச்சுக்கு இடமில்லை. ஆனாலும் லாப்பின் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. வேரைத் தவறாகச் சொன்னவர், மக்களைச் சரியாகப் பார்த்தார். பின்னால் தாம் வெளியிட்ட அகராதிக்கு ருஷ்ய–உஸ்பெக் அகராதி என்று பெயரிட்டார். சமர்கந்தில் ‘ஆயினா’ இதழ் நடத்திய பெஹ்பூதியும் தம் மக்களைச் சார்த் என்பதை எதிர்த்து விரிவாக எழுதினார். நாங்கள் எங்களை அப்படிச் சொல்லிக்கொள்வதில்லை என்பதற்கு மேல் வேறென்ன சான்று வேண்டும்?

பேரரசின் ஏட்டில் கோணலான பெயர் இது ஒன்று மட்டுமில்லை. கசாக் என்றால் துருக்கியத்தில் தளையற்றுத் திரிபவன். எல்லைப்புறத்து ருஷ்யக் குதிரைவீரர் தமக்கு அதே சொல்லைச் சூட்டிக்கொண்டார்கள். உண்மைக் கசாக்கியருக்குப் பெயர் இல்லாமல் போயிற்று, அவர்களைக் ‘கிர்கிஸ்’ என்றார்கள். உண்மைக் கிர்கிஸியரைக் ‘கருப்புக் கிர்கிஸ்’ என்றார்கள். 1925இல்தான் கசாக்கியர் குடியரசு தன் பெயரைத் திரும்பப் பெற்றது. சைபீரிய மக்களிடம் ருஷ்யா மென்மயிர்த் தோலாகத் தண்டிய வரி ‘யாசாக்’, அதுவும் பழைய மங்கோலிய ஆட்சியிடமிருந்து வாங்கிய சொல்தான். இவை எல்லாவற்றுக்கும் மேலே ஒரு குடைச்சொல்: ‘இனொரோதெத்ஸ்’, வேறு பிறப்பினன். 1822இல் சைபீரியப் பூர்வகுடிகளுக்காகச் சட்டத்தில் ஏறிய சொல், நூற்றாண்டு முடிவதற்குள் ஆயிரம் ஆண்டு பழைய நகரத்து முஸ்லிம் அறிஞனையும் அடக்கிக்கொண்டது.

அந்தச் சொல்லின் கூர்மை 1916இல் தெரிந்தது. முதல் உலகப் போரின் போர்முனைக்குப் பின்னால் மண் வெட்ட, 19 முதல் 43 வயது வரையுள்ள வேறு பிறப்பினரைப் பிடித்தனுப்பச் சார் மன்னர் ஆணையிட்டார். அந்த மக்களுக்குப் பிறப்புப் பதிவேடு கிடையாது. யாருக்கு என்ன வயது என்று ஊர்ப் பெரியவர்கள் பட்டியல் எழுதினார்கள், பணம் கொடுத்தவன் வயது ஏறியது, ஏழையின் மகன் வயது 19 முதல் 43க்குள் விழுந்தது. ஜூலையில் ஹோஜெந்து நகரில் தாய்மார்களும் கூலிக்காரரும் காவல் அதிகாரி வாசலில் திரண்டார்கள், பட்டியலைக் கொடு என்றார்கள். துப்பாக்கி வெடித்தது. ஜிஸ்ஸாக், செமிரேச்சியே என்று துர்கிஸ்தான் முழுக்கத் தீப்பிடித்தது. ஏட்டில் வைத்த பெயர் உயிரைக் கேட்டு வந்த நாள் அது.

1924இல் சோவியத் ஆட்சி உஸ்பெக் குடியரசை அமைத்தது. 1926 கணக்கெடுப்பில் சார்த் இல்லை, அப்படி எண்ணப்பட்டவர்கள் பெரும்பாலும் உஸ்பெக்கியராயினர். பெயர் போனதில் எனக்கு வருத்தமில்லை, அதைச் சுமந்தவர்கள் வேண்டாமென்றார்கள். சொல்லின் மேல் ஏறிய அழுக்கையே அதன் பிறப்பு என்பது மட்டும் தகாது.

ஒரு கேள்வி பாக்கி. சார்த்தைத் துருக்கியர் புத்தத் துறவிகளின் ஏட்டிலிருந்து எடுத்தார்களா, சோக்திய வணிகர் வாயிலிருந்தா? ஏடு என்றால் ‘வாகன்’ முழுதாக ஒட்டிக்கொண்டு வந்திருக்கும், ஏட்டுச் சொல் அவ்வளவு எளிதில் வால் அறுபடாது. ஒட்டகத்தின் மூக்கணாங்கயிற்றைப் பிடித்துக்கொண்டு வந்த சோக்தியன் தன் கூட்டத்தைச் சுட்டிச் சார்த் என்றான், கூடாரத்து வாசலில் நின்ற துருக்கியன் அது அவன் பெயர் என்று எடுத்துக்கொண்டான். சந்தையில் பெயர்கள் இப்படித்தான் பிறக்கும். பாவ் அங்கே விழுந்தது, சார்த் நின்றது என்பதே என் துணிபு.