காமாட்சி கோயிலில் நின்ற புத்தர்

தொல்லியல் அறிஞர் டி. ஏ. கோபிநாத ராவ் காஞ்சிபுரத்தில் பௌத்தத் தடயம் தேடிப் போய், கண்டதை 1915இல் எழுதி வெளியிட்டார். காமாட்சியம்மன் கோயில் உட்பிராகாரத்திலேயே ஆளுயரக் கருங்கல் புத்தர் நின்றுகொண்டிருந்தார். மண்ணுக்கடியில் புதைந்து கிடந்தவர் அல்லர். அம்மனைக் கும்பிட வந்தவர்கள் தலைமுறை தலைமுறையாக அவரைக் கடந்துதான் பிராகாரம் சுற்றியிருக்கிறார்கள்.

ஒரு காலத்தில் இது அவருடைய ஊர். மணிமேகலை தவமிருந்த ஊர். நாளந்தாவின் தலைமையாசிரியர் தர்மபாலர் பிறந்த ஊர். 7ஆம் நூற்றாண்டில் இங்கே நூற்றுக்கும் மேற்பட்ட விகாரைகளும் பத்தாயிரம் துறவிகளும் இருந்ததாகச் சீனப் பயணி யுவான் சுவாங் எழுதிவைத்தார். அந்தக் கற்களெல்லாம் எங்கே போயின? ஏகாம்பரநாதர் கோயில் வெளிமதிலைப் பார்த்தால் கொஞ்சம் விளங்கும். மதில் கட்டிய கற்களுக்கு நடுவே, கல்லோடு கல்லாக, சம்மணமிட்ட சிறு புத்தர்கள்.

வேறு ஊர்களில் புத்தர் பெயர் மாற்றிக்கொண்டு பிழைத்தார். முனி, சாஸ்தா என்று மக்கள் கும்பிட்டார்கள். வடமொழி நிகண்டான அமரகோசம் இரண்டையும் புத்தரின் பெயர்களாகவே சொல்கிறது. ஆகவே இதை மக்களின் அறியாமை என்று தள்ள எனக்கு மனம் வரவில்லை. டிரினிடாடுக்கு அடிமைகளாகக் கொண்டுபோகப்பட்ட ஆப்பிரிக்கர்களின் வழிவந்தவர்களும் ஓகுன் தெய்வத்தைப் புனித மிக்கேலின் பெயருக்குள் வைத்துத்தான் காத்தார்கள். அங்கே 1917இல், ஆப்பிரிக்க மரபு கலந்த கிறித்தவர்களான ‘ஷவுட்டர்’ பாப்டிஸ்டுகளின் வழிபாட்டுக்குச் சட்டம் போட்டுத் தடை விதித்தார்கள். 1951 மார்ச் 30 அன்று தடை நீங்கியது. அந்த நாள் இன்று அங்கே அரசு விடுமுறை.

நம் பக்கம் பௌத்த மீட்சியைத் தொடங்கியவர் அயோத்திதாசப் பண்டிதர். 1898இல் இலங்கை சென்று பஞ்சசீலம் ஏற்றுத் திரும்பி, சென்னை ராயப்பேட்டையில் சாக்கிய பௌத்த சங்கம் கண்டார். 1907இல் ‘ஒரு பைசாத் தமிழன்’ இதழ் தொடங்கினார். தீண்டத்தகாதவர் என்று ஒதுக்கப்பட்டவர்களே இம்மண்ணின் பூர்வ பௌத்தர்கள் என்று சளைக்காமல் எழுதினார். 1914 மே மாதம் மறைந்தார். காஞ்சிப் புத்தரைப் பற்றிய செய்தி வந்தது அதற்கு மறு வருஷம். அவர் கண்ணால் படித்திருக்க வேண்டிய செய்தி அது.

காமாட்சி கோயில் சிலை பிறகு சென்னை அரசு அருங்காட்சியகம் போய்ச் சேர்ந்தது. சேலத்தில் தலைவெட்டி முனியப்பனாகப் பூசை பெற்றுவந்த சிலை புத்தர்தான் என்று 2022இல் சென்னை உயர் நீதிமன்றமே தீர்ப்புச் சொன்னது. காஞ்சியில் இன்னும் மதிலோடு மதிலாக இருக்கிறவர்களுக்கு வழக்கும் வேண்டாம், தீர்ப்பும் வேண்டாம். இவர் யார் என்று தமிழில் ஒரு பலகை வைத்தால் போதும். அடுத்த முறை கல்யாணப் பட்டெடுக்கக் காஞ்சிக்குப் போகிறவர்கள் ஏகாம்பரநாதர் கோயில் வெளிமதிலை ஒரு சுற்று நடந்து பாருங்கள். பிள்ளைகளையும் கூட்டிப்போய்க் காட்டுங்கள்.