மேட்டிலிருந்து இறங்கிய பேராலயம்: சாலிஸ்பரி நகரத்தின் தோற்றம்

முதலில் பேராலயம் எழும், அதன் நிழலில் கடைகளும் வீடுகளும் கூடும், நாளடைவில் நகரமாகும். ஐரோப்பிய நகரங்களைப் பற்றிப் பொதுவாகச் சொல்லப்படும் இந்த வரிசை, தென் இங்கிலாந்தின் சாலிஸ்பரிக்குப் பொருந்தாது. அங்கே பேராலயமும் நகரமும் ஆயரின் ஒரே திட்டத்தில் பிறந்தவை. அத்திட்டத்தில் வழிபாட்டுக்கு நிகரான இடம் மனை வாடகைக்கும் இருந்தது என்பதே இக்கட்டுரையின் வாதம்.

பழைய பேராலயம் வடக்கே ஏறத்தாழ மூன்று கிலோமீட்டர் தொலைவில், ஓல்டு சேரம் என்னும் மேட்டில் இருந்தது. இரும்புக் காலத்து மண் அரணுக்குள் நார்மானியர் கட்டிய கோட்டைக்குப் பக்கத்திலேயே 1092இல் அது அர்ச்சிக்கப்பட்டது. ஐந்தே நாளில் புயல் அதைச் சிதைத்தது. தண்ணீர்த் தட்டுப்பாடு, ஓயாத காற்று, கோட்டைக் காவலரோடு சச்சரவு என்று குருக்கள் திருத்தந்தையிடம் முறையிட்டனர். மூன்றாம் ஹொனோரியுஸ் இடமாற்றத்துக்கு இசைந்தார். முறையீட்டில் உண்மை இல்லாமலில்லை. ஆனால் மேட்டில் அதிகாரம் கோட்டைக்கு, அதாவது மன்னருக்கு. கீழே ஏவன் ஆற்றங்கரைப் புல்வெளியோ ஆயருக்கே உரியது. முறையீட்டை இந்த வேறுபாட்டோடு சேர்த்துத்தான் படிக்க வேண்டும்.

1220 ஏப்ரல் 28 அன்று ஆயர் ரிச்சர்டு பூர் அடிக்கல் நாட்டினார். பேராலயம் எழும்போதே மனைகளும் அளக்கப்பட்டன: நீளம் சுமார் 35 மீட்டர், அகலம் 15, வாடகை ஆண்டுக்கு 12 பென்ஸ். மனைகள் சேர்ந்த தொகுதிகளுக்குச் சதுரங்கக் கட்டத்தை நினைவூட்டும் ‘செக்கர்’ என்ற பெயர் இன்றும் வழங்குகிறது. ஆற்றுநீர் வாய்க்கால்களாகத் தெருக்களில் ஓடியது. 1227இல் மூன்றாம் ஹென்றி சந்தை உரிமையோடு சாசனம் அளித்தார். 1244இல் ஆயர் ராபர்ட் பிங்கம் தெற்கே ஏவனுக்குப் பாலம் கட்டியதும் மேற்கு நோக்கிய போக்குவரத்து இவ்வழி திரும்பியது. பக்கத்து வில்டனின் வணிகம் நொடித்தது. என் கணிப்பில், கோபுரத்தைவிட இந்தப் பாலமே நகரத்துக்குப் பெரிய வரம்.

பேராலயம் 1258இல் அர்ச்சிக்கப்பட்டது. 123 மீட்டர் உயரக் கூர்ங்கோபுரம் பதினான்காம் நூற்றாண்டுச் சேர்க்கை. நகரத்தாரும் ஆயரும் இணக்கமாக வாழ்ந்தார்கள் என்று எண்ணிவிட வேண்டாம். வரி விதிக்கும் உரிமை குறித்த வழக்கில் 1306இல் நகரத்தார் பணிய நேர்ந்தது. அந்த நூற்றாண்டிலேயே பேராலய வளாகத்தைச் சுற்றி மதில் எழுந்தது. மேட்டில் இடித்த பழைய பேராலயத்தின் கற்களே அதற்குப் பயன்பட்டன. ஆயரின் ஆளுகையிலிருந்து நகரம் விடுபட்டது 1612இல், முதலாம் ஜேம்ஸ் தந்த சாசனத்தால்தான். தெரு வாய்க்கால்கள் 1849ஆம் ஆண்டுக் காலராவுக்குப் பிறகு தூர்க்கப்பட்டன.

பேராலயம் இடம் மாறியதோடு ஓல்டு சேரத்தின் கதை முடியவில்லை. ஆளற்றுப்போன அந்த மேட்டுக்கு நாடாளுமன்றத்தில் இரு இடங்கள் மட்டும் நிலைத்தன. அதை விலைக்கு வாங்கியவர் தாமஸ் பிட். 1698 முதல் 1709 வரை சென்னைப் புனித ஜார்ஜ் கோட்டையின் ஆளுநராக இருந்து, வைர வணிகத்தில் பெரும் பொருள் ஈட்டியவர். பின்னாளில் பிரிட்டனை வழிநடத்திய அவர் பேரன் வில்லியம் பிட், 1735இல் நாடாளுமன்றத்துக்குள் நுழைந்ததும் இந்த மேட்டின் உறுப்பினராகத்தான். 1832ஆம் ஆண்டுச் சீர்திருத்தச் சட்டம் அந்த இரு இடங்களையும் பறித்தது.