படைத்தலைமையில் ஒரு தமிழர்: அன்ரன் முத்துக்குமாருவும் 1958உம்

மட்டக்களப்பு நகரிலிருந்து கல்முனை வீதியில் தெற்கே ஏறத்தாழ 30 கிலோமீற்றர் தொலைவில், கிழக்கே வங்கக் கடலும் மேற்கே வாவியும் நெருக்க, எழுவான்கரை என வழங்கும் ஒடுங்கிய மணல் நிலத்தில் அமைந்துள்ள களுதாவளை, பிள்ளையார் கோயிலுக்கும் வெற்றிலைத் தோட்டங்களுக்கும் பெயர்பெற்ற ஊராகும். போர்க்காலத்தில் இப்பகுதியில் வளர்ந்த தலைமுறைக்கு ‘ஆமி’ என்ற சொல், வீதியோரச் சென்றியையும் (காவலரணையும்) விடியற்காலைச் சுற்றிவளைப்பையும் ஆட்களைக் காட்டிக்கொடுக்கும் முகமூடியிட்ட தலையாட்டியின் முன் வரிசையில் நின்ற நேரத்தையும் தவிர வேறெதையும் நினைவுபடுத்துவதில்லை. ஆயினும் அதே இராணுவத்துக்குத் தளபதியாக அமர்ந்த முதலாவது இலங்கையர் ஒரு தமிழர் என்பதும், அவரது பதவிக்காலத்தின் மிகக் கடுமையான சோதனைக்கு நாட்டின் பிரதமர் சுட்டிக்காட்டிய காரணம் களுதாவளைக்கு அடுத்த ஊரான களுவாஞ்சிகுடியில் நிகழ்ந்தது என்பதும் வரலாறு.

அன்ரன் முத்துக்குமாரு 1908ஆம் ஆண்டு கொழும்பில் தமிழ்க் கத்தோலிக்கக் குடும்பமொன்றிற் பிறந்து, புனித யோசேப்புக் கல்லூரியிலும் பின்னர் ஒக்ஸ்போர்ட் பல்கலைக்கழகத்தின் ஜீசஸ் கல்லூரியிலும் பயின்று, இலண்டனில் பரிஸ்டராகத் தகுதி பெற்றவர். வழக்கறிஞராக வாழ்வைத் தொடங்கியவர் படைக்குள் வந்தது, தொண்டர் படை என்னும் வாயில் வழியாகவே. தத்தம் தொழிலைச் செய்துகொண்டே மாலைவேளைகளிலும் ஆண்டு முகாம்களிலும் படைப்பயிற்சி பெறுவோரைக் கொண்ட அணியே தொண்டர் படை எனப்பட்டது. 1881இல் தொடங்கப்பட்ட இலங்கை இலகு காலாட்படை அத்தகைய அணிகளுள் மூத்தது. 1930களில் அதில் அதிகாரியாகச் சேர்ந்த முத்துக்குமாரு, இரண்டாம் உலகப் போர் மூண்டு தொண்டர் படைகள் முழுநேரச் சேவைக்கு அழைக்கப்பட்டபோது வழக்கறிஞர் அங்கியைக் களைந்து முழுநேரப் படை அதிகாரி ஆனார்.

அப்போர் மட்டக்களப்பாருக்குத் தொலைதூரச் செய்தியாக இருக்கவில்லை. 1942 ஏப்ரல் 9ஆம் நாள், பிரித்தானிய விமானந்தாங்கிக் கப்பலான ஹேர்மிஸ், ஜப்பானிய விமானங்களின் குண்டுவீச்சுக்கு இலக்காகி மட்டக்களப்புக்கு அப்பாலுள்ள கடலில் முந்நூறுக்கு மேற்பட்ட மாலுமிகளோடு மூழ்கியது. அதன் உடல் இன்றும் அக்கடலடியிற் கிடக்கின்றது. இரண்டாண்டுகளின் பின்னர், 1944இல், மவுண்ட்பேட்டன் பிரபுவின் தென்கிழக்காசியப் படைத்தலைமையகம் பேராதனைத் தாவரவியற் பூங்காவுக்கு இடம்மாறியபோது, அதனைக் காத்துநின்ற இலங்கைத் துருப்புகளுக்கு முத்துக்குமாரு பொறுப்பாக இருந்தார்.

சுதந்திரத்தின் பின்னர் 1949ஆம் ஆண்டின் 17ஆம் இலக்க இராணுவச் சட்டத்தின் கீழ், அவ்வாண்டு ஒக்டோபர் 10ஆம் நாள் இலங்கை இராணுவம் நிரந்தரப் படையாக உருவாக்கப்பட்டது. எனினும் தலைமை உடனடியாக நாட்டவர் கைக்கு வரவில்லை. கெய்த்னஸ் பிரபுவும் அவரையடுத்து சேர் பிரான்சிஸ் றீடும் ஆகிய இரு பிரித்தானிய பிரிகேடியர்களே முதல் ஐந்தாண்டுகளுக்கு மேலாகப் படையை நடத்தினர். நிரந்தரப் படையின் முதலாவது காலாட்படைப் பட்டாலியனைக் கட்டியெழுப்பும் பணி முத்துக்குமாருவிடம் விடப்பட்டது. 1955 பெப்ரவரி 9ஆம் நாள் இராணுவத் தளபதியாகப் பொறுப்பேற்ற அவர், பின்னர் மேஜர் ஜெனரலாக உயர்ந்து, 1959 டிசம்பர் இறுதிவரை அப்பதவியில் இருந்தார். திருகோணமலைக் கடற்படைத் தளத்தையும் கட்டுநாயக்க விமானத் தளத்தையும் 1957இல் பிரித்தானியர் கையளித்ததும், அதே ஆண்டின் இறுதியில் குளங்கள் உடைந்து கிழக்கே பேரழிவு விளைத்த, மட்டக்களப்பார் ‘57ஆம் ஆண்டு வெள்ளம்’ என்று இன்றும் நாட்குறிக்கும் பெருவெள்ளமும் அவரது காலத்தனவே.

அக்கால இராணுவத்துக்கு வெளிப்பகைவர் எவரும் இருக்கவில்லை. அதன் உண்மையான வேலை, சிவில் அதிகாரத்துக்குத் துணைநிற்றல் எனப்படும் உள்நாட்டுக் கடமையாகவே இருந்தது. பொலிசாரால் கட்டுப்படுத்த இயலாத கலவரத்தை அடக்க, சிவில் நிருவாகத்தின் வேண்டுகோளின்பேரிற் படை வெளிவருவதே அக்கடமையின் பொருள். பிரித்தானியரிடமிருந்து வந்த இதன் ஒழுங்கு மிக நுணுக்கமானது. கூட்டத்துக்கு அதன் மொழியிலேயே எச்சரிக்கை விடுக்கப்பட வேண்டும். அதற்கும் கலையாவிட்டால் மட்டும், அதிகாரி பெயர் குறித்துப் பணித்த சிப்பாய், காட்டப்பட்ட இலக்கின் மீது, சொல்லப்பட்ட எண்ணிக்கையிலேயே சுட வேண்டும். தலைக்கு மேலாகச் சுடுவது, அப்பால் நிற்கும் குற்றமற்றவரைக் கொல்லக்கூடும் என்பதால் விலக்கப்பட்டிருந்தது. ஈற்றில் சுட்ட தோட்டாக்களின் வெற்றுக் கோதுகள் பொறுக்கியெடுத்து எண்ணப்பட்டு அறிக்கை எழுதப்பட வேண்டும். ஒவ்வொரு சூட்டுக்கும் ஒருவர் பதில் சொல்ல வேண்டும் என்ற இந்த ஒழுங்கு, பரிஸ்டராகப் பயின்ற ஒருவருக்கு மற்றெவரையும்விட நன்கு விளங்கியிருக்கும் என்று கொள்வது மிகையாகாது.

சிங்களத்தை மட்டும் அரசகரும மொழியாக்கிய 1956இன் தனிச்சிங்களச் சட்டமும், பிரதமரும் தமிழரசுக் கட்சித் தலைவரும் 1957 ஜூலையில் ஒப்பமிட்ட பண்டாரநாயக்க–செல்வநாயகம் உடன்படிக்கை 1958 ஏப்ரலில் கைவிடப்பட்டதும் இனங்களுக்கிடையே நெருப்பை மூட்டியிருந்தன. வவுனியாவில் நடைபெறவிருந்த தமிழரசுக் கட்சி மாநாட்டுக்குச் செல்வோரை இலக்குவைத்து, மே 22ஆம் நாளளவில் பொலன்னறுவைப் பகுதியில் மட்டக்களப்பு ரயில் பயணிகள் மீது தாக்குதல்கள் தொடங்கின. மே 25ஆம் நாள், நுவரெலியாவின் முன்னாள் நகரபிதா டி. ஏ. செனவிரத்ன களுவாஞ்சிகுடியிற் சுட்டுக் கொல்லப்பட்டார். மறுநாள் வானொலியில் நாட்டுக்கு உரையாற்றிய பிரதமர் பண்டாரநாயக்க, கலவரத்துக்குக் காரணமாக இக்கொலையைச் சுட்டினார். நாட்களை வரிசைப்படுத்திப் பார்க்கும் எவருக்கும், பின்னால் நிகழ்ந்தது முன்னால் நிகழ்ந்ததற்குக் காரணமாக முடியாது என்பது தெளிவாகும். அக்கொலை கொடியது, மட்டக்களப்பு மாவட்டத்தில் சிங்களவரும் தாக்கப்பட்டனர் என்பதை மறைப்பதும் நேர்மையாகாது. ஆனால் நாட்டின் பிரதமர் வாயிலிருந்து வந்த அந்தப் பிழையான வரிசை, வாவிக்கரை ஊரொன்றின் பெயரைத் தெற்கிலுள்ள தமிழர் வீடுகள் எரிவதற்கு நியாயமாக மாற்றிவிட்டது.

மே 27ஆம் நாளில்தான் அவசரகாலநிலை பிரகடனப்படுத்தப்பட்டு, மகாதேசாதிபதி சேர் ஒலிவர் குணதிலக்க நிலைமையை நேரடியாகத் தம் கையில் எடுத்தார். மகாதேசாதிபதி என்பது பிரித்தானிய முடியின் சார்பில் நாட்டின் தலைமையில் இருந்தவரைக் குறிக்கும் பதவிப்பெயர். அதற்கு முன்னரே பொலன்னறுவையில், பொலிசாருக்கும் அஞ்சாமல் திரண்டு வந்த பெருங்கும்பலின் மீது இராணுவத்தினர் சுட்டு மூவர் இறந்த பின்னரே அங்கு கூட்டம் கலைந்தது. கொழும்பிலும் பிற நகரங்களிலும் ஊரடங்கை நடைமுறைப்படுத்தியும், ஏறக்குறைய 12,000 தமிழர் தங்கியிருந்த அகதி முகாம்களுக்குக் காவல் நின்றும் படையினர் கடமை செய்தனர். பெரும்பான்மையும் சிங்களச் சிப்பாய்களைக் கொண்டிருந்த படை, தமிழர் ஒருவரைத் தளபதியாகக் கொண்டிருந்த நிலையில், சிங்களக் கும்பல்களுக்கு எதிரே கட்டளை தவறாது நின்றது. முத்துக்குமாருவின் வாழ்வில் இதனிலும் பெரிய செய்தி வேறில்லை. உயிர்கள் பல போய்விட்டன என்பது உண்மையே. ஆனால் அவை போனது ஐந்து நாட்கள் தயங்கிய அரசியலால்.

ஓய்வுக்குப் பின் அவர் பாகிஸ்தானிலும் அவுஸ்திரேலியாவிலும் இலங்கையின் உயர் ஸ்தானிகராகவும், எகிப்தில் தூதுவராகவும் பணியாற்றினார். அவர் விலகிச் சென்ற படையோ விரைவாக மாறியது. 1962 ஜனவரியில் முறியடிக்கப்பட்ட இராணுவச் சதிமுயற்சியில் கிறிஸ்தவ அதிகாரிகளே பெரும்பான்மையாகக் குற்றஞ்சாட்டப்பட்டமை, சிறுபான்மையினர் மீதான ஐயத்தைப் படைக்குள் ஊன்றியது. தமிழ் இளைஞர் சேர்வது அருகி, பின்னர் ஏறக்குறைய நின்றேபோயிற்று. அவருக்குப் பின் இன்றுவரை வேறெந்தத் தமிழரும் இராணுவத் தளபதி ஆகவில்லை.

அவுஸ்திரேலியாவில் வாழ்ந்து 2001இல் காலமான முத்துக்குமாரு, இலங்கையின் படை வரலாற்றைச் சுருக்கமாகக் கூறும் ஆங்கில நூலொன்றை எழுதினார். அது 1987இல் புதுடில்லியில் வெளியானது. அதே ஆண்டில்தான் இந்திய அமைதிப்படை மட்டக்களப்புக்கு வந்து இறங்கியது. களுதாவளையின் ஊடாகச் செல்லும் கல்முனை வீதியில் வெற்றிலைக் கட்டுகளைச் சைக்கிளில் ஏற்றிச் சென்றவர்கள், சென்றிக்குச் சென்றி இறங்கி உருட்டிச் சென்ற காலம் அது.