வறுமை என்னும் முதுசொம்

முன்னோர் தம் வழிவந்தோர்க்கு விட்டுச்செல்லும் உடைமையை முதுசொம் என்பது பழைய வழக்கு. உள்ளோர்க்கு நிலமும் வீடும் நகையும் முதுசொமாக வருகின்றன. ஏதும் இல்லாதோரும் தம் மக்கட்கு ஒன்றை விட்டுச்செல்கின்றனர். அது அடையாத கடனாகவும், கருவிலேயே மெலிந்த உடலாகவும், பாதியில் நின்ற படிப்பாகவும் வந்து சேர்கிறது. வேண்டாமென்று அதனை மறுக்கும் உரிமை பிறக்கும் குழந்தைக்கு இல்லை. இம்முதுசொம் எவ்வாறு கைமாறுகிறது, அக்கைமாற்றம் எங்கே அறுபடுகிறது என்பதை இலத்தூர் வட்டாரத்தின் வரலாற்றை முன்வைத்துச் சற்றே ஆராய்வோம்.

எல்லைக்கோட்டின் இருபுறம்

தென்காசிக்கு அணித்தே, குற்றாலச் சாரலின் ஈரம் படும் வயல்களுக்கு நடுவே அமைந்த ஊர் இலத்தூர். இங்குள்ள ஊர்களுக்கெல்லாம் மலையும் ஒன்று, நெல்லும் ஒன்று, மொழியும் ஒன்று. ஆயினும் 1956 நவம்பர் 1ஆம் நாள் வரை இவற்றினூடே ஓர் ஆட்சியெல்லை சென்றது. தென்காசி, சென்னை மாகாணத்துத் திருநெல்வேலி மாவட்டத்தைச் சேர்ந்திருந்தது. இலத்தூரை உள்ளடக்கிய செங்கோட்டைப் பகுதியோ திருவிதாங்கூரின் கீழ் இருந்தது. மாநிலச் சீரமைப்பின்போதுதான் அது தமிழகத்தோடு இணைந்தது.

இக்கோட்டின் இருபுறமும் வயலில் இறங்கியோருள் பலர் அடிமைகளாயிருந்தனர். 1836ஆம் ஆண்டின் கணக்கெடுப்பின்படி திருவிதாங்கூரின் மக்கள்தொகை ஏறத்தாழ 12,80,000. அவர்களுள் அடிமைகள் ஏறத்தாழ 1,64,000 பேர். எட்டுப் பேரில் ஒருவர் மற்றொருவரின் உடைமை என்பது இதன் பொருள். இவ்வடிமைமுறையின் அச்சாணி பிறப்பே. அடிமைத் தாயின் வயிற்றில் உதித்த குழந்தை கண் விழிக்கும்போதே அடிமை. வறுமை பிறப்பால் வருவது என்பது அந்நாளில் உவமையன்று, சட்டமாகவே இருந்தது.

அதனை நீக்க எடுத்த முயற்சிகளின் வரிசை நமக்கு மிகுந்த பாடம் தருவது. 1812இல் இராணி இலட்சுமிபாய் அடிமைகளை விற்பதையும் வாங்குவதையும் தடைசெய்தார். ஆனால் நிலத்தோடு பிணைக்கப்பட்ட உழவடிமைகளுக்கு அத்தடை பொருந்தவில்லை. ஆங்கிலேயர் ஆட்சிப்பகுதியில் 1843ஆம் ஆண்டின் ஐந்தாம் சட்டம் வந்தது. அடிமையின்மீது ஒருவர் கொண்டாடும் உரிமையை நீதிமன்றங்கள் இனி ஏற்பதில்லை என்றது அது. அடிமையை வைத்திருப்போர்க்குத் தண்டனை எதனையும் அது கூறவில்லை. அத்தண்டனை 1862இல் நடைமுறைக்கு வந்த இந்தியத் தண்டனைச் சட்டத்தோடுதான் வந்தது. எல்லைக்கு அப்பால், 1847இல் மறைப்பணியாளர்கள் திருவிதாங்கூர் மன்னர் உத்திரம் திருநாளிடம் அடிமைகளுக்காக விண்ணப்பம் அளித்தனர். அதன்பின் 1853இல் ஓர் அரசாணை பிறந்தது: அரசுக்குரிய அடிமைகளுக்கு இனிப் பிறக்கும் குழந்தைகள் உரிமையுடையோர்.

இந்த ஆணையின்மீது நாம் சற்று நிற்கவேண்டும். குழந்தைக்கு விடுதலை, அதனைப் பெற்றவளுக்கு இல்லை. பால் கொடுக்கும் தாய் அடிமை. மடியில் கிடக்கும் மகவு குடிமகன். ஆயின் அம்மகவு உண்பது எவருடைய சோறு? உறங்குவது எவருடைய நிலத்தில்? தாயைப் பிணைத்த கயிறே குழந்தையையும் அவ்வயலின் வரப்புக்கு இழுத்துவரும். இந்த முரண்பாடு நெடுநாள் நிற்கவியலாது. இரண்டே ஆண்டுகளில், 1855இல், அரசின் அடிமைகள் அனைவரும் விடுவிக்கப்பட்டனர்; தனியார் கொண்டாடிய உரிமைக்கும் நீதிமன்றங்களின் துணை இல்லையென்றாயிற்று. குழந்தையை மட்டும் தனியே விடுவிக்க இயலாது என்னும் உண்மையை அவ்விரண்டு ஆண்டுகள் மெய்ப்பித்தன. நம் கட்டுரையின் மையக் கருத்தும் இதுவே.

சங்கிலி போயிற்று, கடன் நின்றது

சட்டத்தால் அடிமைத்தனம் ஒழிந்தபோது விடுதலை பெற்றோர்க்கு நிலம் கிடைக்கவில்லை. குடிசை நின்ற மண்ணும் பிறருடையது. எனவே நேற்றைய அடிமை இன்றைய பண்ணையாள் ஆனான். திருமணத்திற்கும் சாவுக்கும் வாங்கிய முன்பணம் அவனைப் பிணைத்தது. தந்தையின் கடனுக்கு மகன் உழைத்தான். இத்தகைய கொத்தடிமைக் கடன்கள் செல்லா என்று நடுவணரசு சட்டம் செய்தது 1976இல்தான். 1855க்கும் 1976க்கும் இடையே நூற்றிருபத்தோர் ஆண்டுகள்; ஐந்து தலைமுறைகள் பிறந்து வளரக்கூடிய காலம்.

கல்வியின் கதையும் அவ்வாறே. 1817இல் இராணி கௌரி பார்வதிபாய், மக்கட்குக் கல்வியளிக்கும் செலவை அரசே ஏற்கவேண்டும் என்று ஆணையிட்டார். அக்காலத்தில் உலகின் பல நாடுகள் நினைத்தும் பாராத ஆணை அது. ஆயினும் அடிமையின் மகன் அப்பள்ளியின் படியேற நெடுங்காலம் காத்திருந்தான். கதவு திறந்திருப்பது வேறு. அதன் வழியே நுழையும் வலிமை பெறுவது வேறு. பசித்த வயிறும் பகலெல்லாம் வேலையும் உள்ள குழந்தைக்குத் திறந்த கதவும் சுவரே.

முறத்தில் சுற்றிய தலைமுறைகள்

இருபதாம் நூற்றாண்டில் இவ்வட்டாரத்தின் வறுமை மற்றொரு வடிவம் கொண்டது. நெசவு நலிந்தது, மழை பொய்த்த ஆண்டுகளில் வயல்வேலையும் குறைந்தது. தென்காசி, கடையநல்லூர், ஆலங்குளம், முக்கூடல் ஊர்களின் வீடுகளுக்குள் பீடித்தொழில் புகுந்தது. வடநாட்டுக் காடுகளிலிருந்து வரும் இலையை நனைத்து, அளவுக்கு வெட்டி, தூள் வைத்துச் சுருட்டி, முனை மடக்கி, நூல் கட்டுவது பெண்களின் வேலையாயிற்று. கூலி ஆயிரம் பீடிக்கு இவ்வளவு என்று கணக்கிடப்படும். கொடுத்த இலை போதாவிடில் தம் காசில் வாங்கவேண்டும். குறையென்று கழிக்கப்பட்ட பீடிக்குக் கூலியில்லை.

எண்ணிக்கைக் கூலி என்பதே இங்கு வறுமையைக் கைமாற்றும் கருவியாயிற்று. நாட்கூலி பெறும் தாய் தன் குழந்தையை வேலைக்கு அழைத்துச் சென்றாலும் கூலி கூடாது. எண்ணிக்கைக்குக் கூலி பெறும் தாய்க்கோ வீட்டிலிருக்கும் ஒவ்வொரு விரலும் வருவாய். அவள் சுருட்ட, எட்டு வயது மகள் முனை மடக்கினால் மாலைக்குள் ஆயிரம் நிறையும். மகள் பள்ளிக்குச் சென்றால் எழுநூறில் நிற்கும். ஒரு நாளின் முந்நூறு பீடிக்காக மகளின் ஒரு வகுப்பு போகும். பல நாட்கள் இவ்வாறு போனபின் மகளும் தனக்கென ஒரு முறத்தை மடியில் வைப்பாள். மணம் பேச வருவோர், பெண்ணின் பெயரில் பீடிக்கடைப் பாஸ்புத்தகம் உண்டா என்று வினவிய காலமும் இங்கு உண்டு. தாயின் முறம் மகளுக்குச் சீதனமாயிற்று.

1986ஆம் ஆண்டின் குழந்தைத் தொழிலாளர் சட்டம், குழந்தைகளை ஈடுபடுத்தலாகாத தொழில்களின் பட்டியலில் பீடி சுற்றுதலையும் சேர்த்தது. ஆனால் குடும்பத்தாரின் துணைகொண்டு நடத்தும் பட்டறைகளுக்கு அச்சட்டமே விலக்கும் அளித்தது. பீடியோ பெரும்பாலும் வீட்டுக்குள்ளேயே சுற்றப்பட்டது! சட்டம் தெருவரை வந்து, வாசலில் நின்றுவிட்டது. இச்சட்டம் 2016இல் திருத்தப்பெற்று, பதினான்கு வயதுக்குட்பட்டோரை எத்தொழிலிலும் அமர்த்தலாகாது என்றாயிற்று. குடும்பத் தொழிலில் பள்ளி நேரத்திற்குப் பிறகு உதவலாம், அத்தொழில் ஆபத்தானதாக இருத்தலாகாது என்ற விலக்கு மட்டும் எஞ்சியது.

எங்கே அறுபட்டது?

இவ்வட்டாரத்தில் சங்கிலி அறுபட்ட வீடுகளும் மிகப்பல. பீடி சுற்றிய தாயின் காசிலேயே படித்து ஆசிரியராகவும் செவிலியராகவும் உயர்ந்த பெண்களை நாம் அறிவோம். ஒரே தொழில் ஒரு வீட்டில் மகளைப் பள்ளியிலிருந்து இழுத்தது. மற்றொரு வீட்டில் அவளைக் கல்லூரிக்கு அனுப்பியது. வேறுபாடு யாது? தாய்மாரின் அன்பில் வேறுபாடு காண்பது நீதியன்று. அவர்களைத் தாங்கிய ஏற்பாடுகளில்தான் அதனைக் காணவேண்டும்.

முதலாவது, பள்ளியில் கிடைத்த சோறு. 1920இல் சென்னை மாநகராட்சி ஆயிரம் விளக்குப் பள்ளியில் தொடங்கிய முயற்சியைக் காமராசர் 1956இல் மாநிலம் தழுவியதாக்கினார். எம்.ஜி.ஆர். 1982இல் அதனைச் சத்துணவாக விரித்தார். 2022இல் காலை உணவும் தொடங்கிற்று. ஒரு வேளைச் சோறு குழந்தையின் பசியை மட்டுமா தீர்த்தது? முந்நூறு பீடியின் இழப்பில் ஒரு பகுதியைத் தாய்க்கு ஈடு செய்தது. மகளைப் பள்ளிக்கு அனுப்பும் முடிவு அவள் தாங்கக்கூடிய முடிவாயிற்று.

இரண்டாவது, தாய் தொழிலாளி என்று ஏற்கப்பட்டது. 1966ஆம் ஆண்டின் பீடித் தொழிலாளர் சட்டம் வீட்டிலிருந்து சுற்றுவோரையும் தொழிலாளராகக் கருதிற்று. 1976இல் அமைந்த நலநிதி மருத்துவமனையையும் பிள்ளைகளின் கல்வி உதவித்தொகையையும் தந்தது. 1977இல் பீடித்தொழிலுக்கு வருங்கால வைப்புநிதி விரிந்தபோது, வீட்டில் சுற்றுவோர் எமது பணியாளர் அல்லர் என்று உரிமையாளர்கள் வழக்காடினர்; 1985இல் உச்சநீதிமன்றம் அவ்வாதத்தை ஏற்கவில்லை. பதிவேட்டில் பெயருள்ள தாய்க்கு மகளின் கல்விக்கும் தன் முதுமைக்கும் ஒரு சிறு கைப்பொருள் உண்டாயிற்று. பெயரில்லாதவளோ, பிறர் பாஸ்புத்தகத்தில் சுற்றிக்கொடுத்து, உழைப்பை மட்டும் தந்தாள்.

சிவகாசிக் குழந்தைகள் குறித்த வழக்கில் 1996இல் உச்சநீதிமன்றம் அளித்த தீர்ப்பும் இவ்வுண்மையை உணர்ந்தே எழுந்தது. குழந்தையை வேலைக்கு வைத்தவர் ரூ. 20,000 செலுத்தவேண்டும் என்றதோடு அது நிற்கவில்லை. அக்குழந்தைக்கு மாற்றாகக் குடும்பத்தில் பெரியவர் ஒருவர்க்கு வேலை தரவேண்டும். இயலாவிடில் அரசு ரூ. 5,000 செலுத்தவேண்டும் என்றது. 1997இல் மெக்சிகோவும், 2003இல் பிரேசிலும் பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பும் ஏழைத் தாய்மார்க்குப் பணம் அளிக்கும் திட்டங்களை நாடு தழுவி நடத்தத் தொடங்கின. மொழியும் நாடும் வேறாயினும் கண்ட மருந்து ஒன்றே.

மூன்றாவது, மக்கள் தாமே கூடிச் செய்தது. கடையநல்லூரிலிருந்து பிழைப்புத் தேடிச் சிங்கப்பூர் சென்ற முஸ்லிம் மக்கள் அங்கே ஒரு சங்கம் கண்டனர். அச்சங்கம் 1946இல் உமறுப்புலவர் தமிழ்ப் பள்ளியை நிறுவிற்று. 1982 வரை அது நடைபெற்றது. கூலிக்குச் சென்றோர், போரின் அழிவு ஆறுமுன்னரே, தம் சேமிப்பைப் பிள்ளைகளின் கல்விக்கென ஒன்றுசேர்த்தனர். தனியொருவர் சேமிப்பு ஒரு காய்ச்சலில் கரையும். பலர் சேர்ந்து கட்டிய பள்ளி அவ்வாறு கரைவதில்லை.

ஏழைகள் உழைப்பதில்லை, அவர்கள் தம் பிள்ளைகளைப் படிக்கவைப்பதில்லை என்று எளிதில் உரைப்போர் நம்மிடையே உளர். ஆயிரம் பீடி சுற்றிய விரல்களைக் கண்டோர் முதற்கூற்றை நம்பார். இரண்டாம் கூற்றுக்கு 1853இன் ஆணையே விடை: தாயைப் பிணைப்பில் விட்டுவிட்டுக் குழந்தையிடம் மட்டும் விடுதலையை எதிர்பார்த்தல் தகாது.

பீடித்தொழில் இன்று தேய்ந்து வருகிறது. உடலுக்கு ஊறு செய்யும் அத்தொழில் மறைவதில் நமக்கு வருத்தமில்லை. அதன் இடத்தை நிரப்ப வரும் வீட்டுவேலைகளும் எண்ணிக்கைக் கூலியாகவே வரின், பழைய முறம் புதிய பெயரில் மீண்டும் மடியேறும். ஆகவே நம் தெருவில் ஒரு வீட்டின் நிலையை அறிய விரும்பினால் இரண்டு பதிவேடுகளைப் பார்ப்போம். தாயின் பெயர் தொழிலாளர் பதிவேட்டில் ஏறியிருக்கிறதா? மகளின் பெயர் பள்ளிப் பதிவேட்டில் நீடிக்கிறதா? ஒன்றில் மட்டும் பெயர் இருப்பின், வேலை பாதியே முடிந்தது என்று கொள்வோம்.