சிந்து பைரவி (திரைப்படம்)

கே. பாலசந்தர் எழுதி இயக்கி 1985இல் வெளிவந்த தமிழ்ப் படம். மணவாழ்வுக்கு வெளியே பிறக்கும் ஆசையைக் கூச்சமின்றிப் பேசிய தமிழ்ப் படங்களில் முதன்மையானது. கர்நாடகப் பாடகர் ஜே.கே.பி.யாக சிவகுமார், இசை ஞானமற்ற, பிள்ளையில்லாத மனைவி பைரவியாக சுலக்‌ஷணா, இசையால் அவரை ஈர்க்கும் சிந்துவாக சுஹாசினி.

கச்சேரியில் தமிழில் பாடச் சொல்லும் சிந்து, சவாலை ஏற்று நாட்டுப்புறப் பாட்டைத் தொடங்குகிறாள். சாரமதி ராகத்தில் அது தியாகராஜர் கீர்த்தனையாகக் கனிகிறது. ஜே.கே.பி.யின் மனம் சாய்வது அங்கேதான். இச்சையை உடலால் காட்டாமல் ஸ்வரத்தால் காட்டியதே படத்தின் பெருமை. பின்னர் சிந்துவைப் பிரிந்து குடிக்கு அடிமையான ஜே.கே.பி. ஒரு வாய் மதுவுக்காக ஆடிப்பாடும் காட்சி நெஞ்சை அறுக்கும். சங்க இலக்கிய மருதத் திணையின் ஊடலில் பரத்தைக்குக் கிட்டாத கண்ணியம் சிந்துவுக்கு உண்டு. பைரவியே மணம் முடித்துவைக்க முன்வந்தும் மறுத்து, ஜே.கே.பி.யால் தான் பெற்ற குழந்தையை அவளிடம் கொடுத்துவிட்டுப் போகிறாள் சிந்து. சுஹாசினி, இளையராஜா, சித்ரா தேசிய விருது பெற்றனர்.