விற்ஸ்ரொக் நகரின் ஆலைப் பெண்கள்

ஐரோப்பிய சரித்திரம் பயில்வோர் விற்ஸ்ரொக் என்னும் பெயரை முப்பதாண்டு யுத்தத்தோடு சேர்த்து அறிவர். 1636ஆம் ஆண்டிற் சுவீடன் நாட்டுப் படை, சக்கரவர்த்தியின் படையையும் சாக்சனிப் படையையும் அந்நகரருகே தோற்கடித்தது. அச்சிறு நகருக்குப் பிற்காலத்துச் சரித்திரமொன்றும் உண்டு. அதனைப் பேணி வைத்திருப்பவை ஏழு விவரணப் படங்களாம்.

இரண்டாம் உலக மகாயுத்தத்தின் பின் பிளவுண்ட ஜேர்மனி, 1949இல் இரு அரசுகளாயிற்று. கிழக்கு ஜேர்மனியின் பொதுவுடைமை அரசு, வேளாண்மை மிகுந்த பகுதியிலுள்ள விற்ஸ்ரொக்கில் 1970களின் முற்பகுதியிற் பெரியதொரு பின்னலாடை ஆலையை நிறுவியது. தொழிலாளருட் பெரும்பாலோர் பெண்கள். 1944இல் ஸ்ரெற்றின் நகரிற் பிறந்த ஃபோல்கர் கோப், அரச திரைப்பட நிறுவனமாகிய டெஃபாவின் சார்பில் அவர்களைப் படமெடுக்கச் சென்றார். முதற்படம் 1975இல் வெளிவந்தது. அவர் அத்துடன் நின்றாரல்லர். 1997 வரை மீண்டும் மீண்டும் அங்குச் சென்று, சிறப்பாக மூன்று பெண்களின் வாழ்வைத் தொடர்ந்து பதிவு செய்தார்.

அரச நிறுவனத்தின் படமெனின் புகழுரையே நிறைந்திருக்கும் என நாம் கருதுதல் இயல்பு. கோப் வினாக்களைச் சுருக்கி, விடைகளுக்குச் செவிசாய்த்தார். பெண்கள் வேலைப்பளு, ஆலையின் ஒழுங்கீனம், காதல், மணம், வருங்காலம் ஆகியவற்றைத் தம் சொற்களிலேயே கூறினர். குறைகளை மேலதிகாரிகளிடம் அஞ்சாது எடுத்துரைத்தவளும் அவருள் ஒருத்தி. உற்பத்தி அறிக்கைகளில் இக்குரல்களுக்கு இடமில்லை.

1989 நவம்பர் 9இல் பேர்லின் மதில் திறந்தது. 1990 யூலை 1 முதல் மேற்கு ஜேர்மன் நாணயம் கிழக்கிலும் வழங்கலாயிற்று. ஒக்ரோபர் 3இல் நாடு ஒன்றாயிற்று. பாடநூல்கள் பெரும்பாலும் இவ்விடத்தில் அதிகாரத்தை முடித்துவிடுகின்றன. ஆயின் புதிய நாணயத்திற் கூலியும் விலையும் கணக்கிடப்பட்டபோது, கிழக்கின் ஆலைகள் பல மேற்கின் பொருள்களோடு போட்டியிட ஆற்றாவாயின. பழைய சந்தைகளையும் இழந்தன. விற்ஸ்ரொக் ஆலையும் மூடப்பட்டது. 1992, 1997ஆம் ஆண்டுப் படங்களில், முன்னர் இளம்பெண்களாக நாம் கண்டவர்களே நடுவயதில் வேலையின்றி நிற்கக் காண்கிறோம். விடுதலை வந்தது, வேலை போயிற்று. ஒன்றைப் பெற்றவரே மற்றதை இழந்தனர்.

ஓர் அரசின் தோற்றத்தையும் மறைவையும் ஆவணங்களைக் கொண்டு எழுதிவிடலாம். அம்மாற்றம் தொழிலாளி ஒருத்தியின் நாளாந்த வாழ்வை யாதாக்கிற்று என்பதை அறிதற்கு, பல்லாண்டு பொறுமையோடு கேட்பவர் வேண்டும். ஆலையொன்றின் சரித்திரத்தை எழுதப் புகும் மாணவர், அதன் கணக்கேடுகளைப் பார்த்தபின் அங்கு வேலை செய்தவரிடமும் செல்வாராக. சில ஆண்டுகள் கழித்து, அவரிடமே மீண்டும் ஒருமுறை செல்வாராக.